சோல்ஷேரை வெறும் மாற்று ஆட்டக்காரராக நினைவில் வைப்பது சரியா?

சுண்ணாம்புக்கோடு:

நார்வேயின் கால்பந்து ஆட்டக்காரர் ஓலே குன்னார் சோல்ஷேரைப் பற்றி நம்மவர்களிடையே எப்போது பேச்சு எழுந்தாலும், அது 1999 சாம்பியன்ஸ் லீக் இறுதிப் போட்டியின் கடைசி நிமிடத்தில் தொடங்கி அந்த ஒரு கோலிலேயே முடிந்துவிடுகிறது. அதற்குமேல் யாராவது ஏதேனும் சொன்னால், "பெஞ்சிலிருந்து எழுந்து வந்து கோல் அடிப்பவர்" என்ற ஒரு வரி சேரும். கடந்த வாரம் நண்பர்கள் கூடிய இடத்திலும் இதுவே நடந்தது. ஸ்காண்டிநேவிய நாடுகளின் சிறந்த முன்கள ஆட்டக்காரர்கள் யார் யார் என்று பேசிக்கொண்டிருந்தோம். நான் சோல்ஷேரின் பெயரைச் சொன்னதும், "அவர் மாற்று ஆட்டக்காரர்தானே" என்று ஒருவர் சொல்ல, பேச்சு அடுத்த பெயருக்குப் போய்விட்டது. அது இன்னும் என் மனத்தை உறுத்திக்கொண்டே இருக்கிறது.

கணக்கைப் பாருங்கள். மான்செஸ்டர் யுனைடெட் அணிக்காக அவர் ஆடிய ஆட்டங்கள் 366, அடித்த கோல்கள் 126. அந்த 366 ஆட்டங்களில் 150 ஆட்டங்களில்தான் அவர் இடையில் இறக்கப்பட்டார். அப்படி இறங்கி அடித்த கோல்கள் 28. மீதமுள்ள 98 கோல்களும் தொடக்கத்திலிருந்தே ஆடிய 216 ஆட்டங்களில் வந்தவை. அதாவது, ஏறத்தாழ இரண்டு ஆட்டங்களுக்கு ஒரு கோல் என்ற அளவை நெருங்கிய ஒருவரை, அவருடைய கோல்களில் நான்கில் ஒரு பங்கைக்கூட எட்டாத ஒரு பகுதியை வைத்து நாம் அளந்துகொண்டிருக்கிறோம்.

இங்கிலாந்தில் அவருக்கு முதல் பருவமான 1996-97இல், பிரீமியர் லீக்கில் 18 கோல்கள் அடித்து அணியின் முதன்மைக் கோலடிப்பாளராக இருந்தவர் அவர். நட்சத்திர ஆட்டக்காரர் எரிக் கன்டோனா ஆடிய அணி அது என்பதை மறந்துவிடக் கூடாது. 1999 டிசம்பரில் எவர்டனை 5-1 என்று வென்ற ஆட்டத்தில் தொடக்கத்திலிருந்தே ஆடி நான்கு கோல்கள் அடித்தார். 2001-02 பருவத்தில் எல்லாப் போட்டிகளிலும் சேர்த்து 25 கோல்கள். அந்தப் பருவத்தில் போல்டன் திடலில் மூன்று கோல்கள் அடித்ததும் அடங்கும். இவ்வளவையும் அந்த ஒரு வரிக்குள் எப்படி அடக்குவது? உறுப்பினர்கள் தங்கள் கருத்தைச் சொல்ல வேண்டுகிறேன்.

நள்ளிரவு ரசிகன்:

எண்களை எடுத்துத் தந்ததற்கு நன்றி. ஆயினும் அந்த 28 கோல்களைச் சிறியவையாகக் காட்டுவது இன்னொரு பக்கத்தில் அநீதி இழைப்பதாகிவிடும் என்று எண்ணுகிறேன். 150 ஆட்டங்களில் 28 என்று சொன்னால் குறைவாகத் தெரிகிறது. ஆனால் அந்த ஆட்டங்கள் பலவற்றில் அவருக்குக் கிடைத்தது பத்து நிமிடமோ, இருபது நிமிடமோதான். பந்து காலில் நான்கைந்து முறை பட்டாலே அதிகம் என்ற நிலையில் அதில் ஒன்றைக் கோலாக்குவது வேறு வகைத் திறமை.

1999 பிப்ரவரி 6 அன்று நாட்டிங்காம் ஃபாரஸ்ட் திடலில் நடந்த ஆட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அவர் உள்ளே வந்தபோது யுனைடெட் 4-1 என்று முன்னிலையில் இருந்தது. ஏறத்தாழ இருபது நிமிடங்களே மிச்சம். வெற்றி உறுதியான ஆட்டத்தில் பெரும்பாலோர் பந்தைப் பக்கவாட்டில் தட்டி நேரத்தைக் கடத்துவார்கள். அவர் 80ஆவது நிமிடத்தில் தொடங்கி நான்கு கோல்கள் அடித்தார். ஆட்டம் 8-1 என்று முடிந்தது. அதற்கு இரண்டு வாரங்களுக்கு முன்புதான் எஃப்.ஏ. கோப்பையில் லிவர்பூலுக்கு எதிராகக் காயநேரத்தில் வெற்றிக் கோலை அடித்திருந்தார். அந்தப் பருவத்தில் லீக்கில் அவர் ஆடியது 19 ஆட்டங்கள், அவற்றிலும் பாதிக்குமேல் பெஞ்சிலிருந்து வந்தவை, கோல்கள் 12.

பார்சிலோனா நகரில் நடந்த அந்த 1999 சாம்பியன்ஸ் லீக் இறுதிப் போட்டி நம் நேரப்படி நள்ளிரவு தாண்டி 12.15க்குத் தொடங்கியது. ஆறாவது நிமிடத்தில் பாஸ்லர் ஃப்ரீ கிக்கில் கோல் அடித்துவிட, பயர்ன் மியூனிக் அதன்பின் ஆட்டத்தைத் தன் கையிலேயே வைத்திருந்தது. ராய் கீனும் பால் ஸ்கோல்ஸும் தடையால் ஆட முடியாத நிலையில் யுனைடெட்டின் நடுக்களம் தள்ளாடியது. பயர்ன் அடித்த ஒரு பந்து கம்பத்திலும் இன்னொன்று குறுக்குக் கட்டையிலும் பட்டுத் திரும்பின. வீட்டில் எல்லோரும் தூங்கிவிட்டார்கள். தொலைக்காட்சியின் ஒலியைக் குறைத்துவிட்டு, திரைக்கு ஓர் அடி தூரத்தில் தரையில் அமர்ந்திருந்தேன். 81ஆவது நிமிடத்தில் ஆண்டி கோலுக்குப் பதிலாக சோல்ஷேர் வந்தார். வந்த சற்று நேரத்திலேயே அவர் தலையால் முட்டிய பந்தை பயர்ன் கோல்கீப்பர் ஆலிவர் கான் தடுத்தார். ஒன்றரை மணி நேரமாக ஓடிக் களைத்த கால்களுக்கு நடுவே ஒருவர் மட்டும் புதிதாக இருப்பது அந்த மங்கலான திரையிலும் தெரிந்தது. பிறகு நடந்தது உலகறிந்தது: ஷெரிங்கம் சமன் செய்தார்; இரண்டு நிமிடம் கழித்து பெக்கம் கார்னர் அடிக்க, ஷெரிங்கம் தலையால் தட்டிவிட, சோல்ஷேர் வலக்காலை நீட்டிப் பந்தை வலையின் கூரைக்கு அனுப்பினார். வாயைக் கையால் பொத்திக்கொண்டு கத்தியது எனக்கு இன்றும் நினைவிருக்கிறது.

பெஞ்சில் அமர்ந்திருந்ததை அவருடைய குறையாகக் கருதவே வேண்டியதில்லை என்பது என் கருத்து.

இரண்டாம் பாதி:

நான் இருவரோடும் மாறுபடுகிறேன். அவர் 1998ஆம் ஆண்டிலேயே அணியை விட்டுப் போயிருக்க வேண்டும்.

அந்த ஆண்டு டாட்டன்ஹாம் அணி அவருக்கு 55 லட்சம் பவுண்டு தர முன்வந்தது. யுனைடெட் நிர்வாகமும் அதை ஏற்றுக்கொண்டது. மறுத்தவர் சோல்ஷேர் மட்டுமே. அப்போது அவருக்கு வயது 25. இன்னொரு முன்கள ஆட்டக்காரரான ட்வைட் யார்க் வந்துவிட்டார். ஆண்டி கோலும் டெடி ஷெரிங்கமும் ஏற்கெனவே இருந்தார்கள். நான்கு பேருக்கு இரண்டு இடம். ஒரு முன்கள ஆட்டக்காரரின் உடல் உச்சத்தில் இருக்கும் காலம் ஐந்தாறு ஆண்டுகள்தான் என்பது நாம் எல்லோரும் அறிந்தது. அந்த ஆண்டுகளில் வாரத்துக்கு இருபது நிமிடம் ஆடுவதை ஒருவர் தாமே தேர்ந்தெடுத்தார் என்றால், அதைப் பற்று என்று போற்றுவதற்கு முன் அதனால் என்ன இழந்தார் என்றும் கேட்க வேண்டும்.

தேசிய அணியையும் பாருங்கள். நார்வேக்காக 67 ஆட்டங்கள், 23 கோல்கள். மோசமான கணக்கு இல்லை. ஆனால் 1998 உலகக் கோப்பையில் பயிற்சியாளர் எகில் ஓல்சனின் நார்வே அணி நெடுந்தூரப் பந்துகளை நம்பி ஒற்றை முன்கள ஆட்டக்காரரோடு ஆடியது. அந்த இடம் உயரமான டோரே ஆந்த்ரே ஃப்ளோவுக்குரியது. 2000 யூரோ கோப்பையில் மூன்று ஆட்டங்களில் நார்வே அடித்தது ஒரே ஒரு கோல். அதை அடித்தவர் ஸ்டெஃபென் இவெர்சன். வாரந்தோறும் தொண்ணூறு நிமிடம் ஆடி, ஒரு தாக்குதல் தன்னைச் சுற்றி அமைவதற்குப் பழகிய சோல்ஷேர் நார்வேக்குக் கிடைத்திருந்தால் அந்தத் தலைமுறையின் கதை வேறாக இருந்திருக்கலாம்.

வடகடல்:

வணக்கம். நான் நோர்வேயின் மேற்குக் கரையில் வசிக்கிறேன். தொண்ணூறுகளில் இங்கே வந்து மீன் பதனிடும் ஆலையில் வேலை செய்த காலத்திலிருந்து மொல்டே அணியின் ஆட்டங்களைப் பார்த்து வருபவன் என்ற முறையில், இங்கிலாந்துக்குப் போவதற்கு முந்தைய கதையைச் சொல்ல விரும்புகிறேன். அதை அறியாமல் 1998ஆம் ஆண்டு முடிவைப் புரிந்துகொள்வது கடினம்.

முதலில் பெயர். இங்கே அவரை "ஊலெ குன்னர் சூல்ஷார்" என்பதற்கு நெருக்கமாகத்தான் உச்சரிக்கிறார்கள். தமிழில் சோல்ஷேர் என்று நிலைத்துவிட்டதால் நானும் அப்படியே எழுதுகிறேன்.

அவர் 1973 பெப்ரவரி 26ஆம் திகதி கிறிஸ்தியான்சுண்ட் நகரத்தில் பிறந்தார். தீவுகளின் மேல் அமைந்த சிறிய துறைமுக நகரம் அது. கொட் மீனை உப்பிட்டுக் காயவைத்து தென் ஐரோப்பாவுக்கு அனுப்பி வளர்ந்த ஊர். பழைய படங்களில் கரையோரப் பாறைகள் எங்கும் மீன் விரித்திருப்பதைக் காணலாம். எங்கள் ஊரில் கருவாடு காயவைப்பதைப் பார்த்து வளர்ந்த எனக்கு அந்தப் படங்கள் அந்நியமாகத் தெரிவதில்லை. அவருடைய தந்தை கிரேக்க-ரோமன் மல்யுத்தத்தில் நோர்வே நாட்டு வாகையர். மகனோ மெலிந்த உடலும் சிறுபிள்ளை முகமும் கொண்டவர். ஆங்கிலேயர்கள் பின்னர் அவருக்குச் சூட்டிய "குழந்தை முகக் கொலையாளி" என்ற பட்டம் அந்த முகத்தால் வந்தது.

அவர் ஆடத் தொடங்கியது கிளவுசெனெங்கன் என்ற உள்ளூர்க் கழகத்தில். கீழ்ப் பிரிவுகளில் ஆடிய கழகம் அது. அங்கே 109 ஆட்டங்களில் 115 கோல்கள் அடித்தார். 1994ஆம் ஆண்டு அந்த அணி அடித்த 47 கோல்களில் 31 அவருடையவை. இதில் கவனிக்க வேண்டியது அவருடைய வயது. 21 வயதிலும் அவர் கீழ்ப் பிரிவில்தான் இருந்தார். இன்றைய ஐரோப்பிய உதைபந்தாட்டத்தில் அந்த வயதுக்குள் பெரிய கழகங்களின் கண்ணில் படாதவரை முடிந்த கதை என்று ஒதுக்கிவிடுவார்கள்.

மொல்டே கழகத்தின் பயிற்றுநர் ஓகே ஹாரைடெ அவரை 1995 பருவத்துக்கு அழைத்துக்கொண்டார். முதல் லீக் ஆட்டத்தில் பிரான் அணிக்கு எதிராக இரண்டு கோல்கள். அடுத்த ஆட்டத்தில் வைக்கிங் அணிக்கு எதிராக மூன்று கோல்கள். அந்தப் பருவத்தில் 26 லீக் ஆட்டங்களில் 20 கோல்கள் அடித்தார். ஊலெ பியோர்ன் சுண்ட்கொட், ஆரில் ஸ்தாவ்ரும், சோல்ஷேர் என்று மூவர் பெயரும் நோர்வே மொழியில் ஒரே எழுத்தில் தொடங்கும்; "மூன்று எஸ்" என்றே அவர்களை இங்கே அழைத்தார்கள். ரூசன்போர்க் கழகம் ஆண்டுதோறும் லீக் கிண்ணத்தை வென்றுகொண்டிருந்த காலத்தில், ஒரு சிறிய நகரத்தின் அணி இரண்டாம் இடத்துக்கு வந்ததற்கு அந்த மூவரும் முக்கிய காரணம். மொல்டேயில் அவர் ஆடிய லீக் ஆட்டங்கள் மொத்தம் 38 மட்டுமே, கோல்கள் 31.

பிறகு 1996 ஜூலை இறுதியில் 15 இலட்சம் பவுண்ஸுக்கு மன்செஸ்டர் யுனைடெட். அதே கோடையில் யுனைடெட் விரும்பிய அலன் ஷியரர் 1.5 கோடி பவுண்ஸுக்கு நியூகாசில் சென்றார். பத்தில் ஒரு பங்கு விலையில் வந்தவரை முதல் ஆண்டு இரண்டாம் நிலை அணியில்தான் வைத்திருப்பார்கள் என்று இங்கேயும் பேசிக்கொண்டோம்.

நண்பர் இரண்டாம் பாதி அவர்களே, இரண்டே ஆண்டுகளில் மூன்றாந்தரப் பிரிவிலிருந்து யுனைடெட்டின் திடலான ஓல்ட் டிராஃபோர்டுக்கு வந்த ஒருவரை நினைத்துப் பாருங்கள். பதினாறு வயதிலேயே பெரிய கழகத்தில் சேர்ந்தவருக்கு பெஞ்ச் என்பது இறக்கம். இவருக்கு அந்த இருக்கையே மலை ஏறி வந்து சேர்ந்த இடம். நாம் 1998ஐ அவர் விட்டுக்கொடுத்த ஆண்டு என்று பார்க்கிறோம். தனக்குக் கிடைத்ததை விட மறுத்த ஆண்டாகவே அவர் அதைக் கண்டிருப்பார் என்று நான் நம்புகிறேன்.

சுண்ணாம்புக்கோடு:

வடகடல் ஐயா, இந்தச் செய்திகளில் பாதியை நான் இப்போதுதான் அறிகிறேன். மிக்க நன்றி.

1998ஆம் ஆண்டு பற்றிப் பேசும்போது ஏப்ரல் 18 அன்று நியூகாசில் அணியோடு நடந்த ஆட்டத்தையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். ஆட்டம் 1-1 என்று இருந்தது. முடியும் தறுவாயில் நியூகாசிலின் ராப் லீ பந்தோடு தனியாக யுனைடெட்டின் கோலை நோக்கி ஓடினார். தடுப்பாட்டக்காரர் எவரும் அருகில் இல்லை. முன்களத்தில் ஆடவேண்டிய சோல்ஷேர் திடலின் பாதிக்குமேல் துரத்திச் சென்று, சிவப்பு அட்டை உறுதி என்று தெரிந்தே, பின்னாலிருந்து அவரை வீழ்த்தினார். நடுவர் அட்டையை எடுக்கும் முன்பே வெளியே நடக்கத் தயாராகிவிட்டார். அரங்கம் எழுந்து கைதட்டியது. யுனைடெட்டின் பயிற்சியாளர் அலெக்ஸ் பெர்குசன் இதற்காக அவரைக் கண்டித்தார் என்றும் சொல்லப்பட்டது. அப்படி வெல்வது இந்த அணியின் வழியல்ல என்பது அவருடைய நிலை.

அந்தச் செயலை நான் நியாயப்படுத்தவில்லை. விதியை மீறியது மீறியதுதான். ஆனால் தன் கோல் கணக்கை மட்டும் எண்ணிக்கொண்டிருக்கும் ஒருவர் அப்படி ஓடியிருக்க மாட்டார். சில மாதங்கள் கழித்து டாட்டன்ஹாமை மறுத்தவரும் அதே மனிதர்.

திடல்மணல்:

பள்ளி மாணவர்களுக்குப் பயிற்சி அளிப்பவன் என்ற முறையில், அவருடைய ஆட்டத்தின் தொழில்நுட்பத்தைப் பற்றி மட்டும் சொல்கிறேன். இந்த இழையில் அது இன்னும் வரவில்லை.

1996 ஆகஸ்ட் 25 அன்று பிளாக்பர்ன் அணிக்கு எதிராக யுனைடெட்டுக்காக முதன்முதலாக இறங்கி, ஆறு நிமிடங்களில் அவர் அடித்த கோலைப் பாருங்கள். முதல் அடியை கோல்கீப்பர் டிம் ஃப்ளவர்ஸ் தடுத்துவிட்டார். பந்து திரும்பி வந்தது. பெரும்பாலான இளம் ஆட்டக்காரர்கள் முதல் அடி தடுக்கப்பட்டதும் ஒரு நொடி தலையில் கை வைப்பார்கள், அல்லது வானத்தைப் பார்ப்பார்கள். என் மாணவர்களிடம் நான் நாள்தோறும் காணும் குறை அதுதான். சோல்ஷேரின் உடல் அந்த ஒரு நொடியை வீணாக்கவில்லை. முதல் அடி அடித்து முடிந்தபோதே இரண்டாவது அடிக்கான காலடி வைக்கப்பட்டுவிட்டது.

இரண்டாவது, காலைப் பின்னால் ஓங்கும் தூரம். பலமாக அடிக்க வேண்டும் என்று நினைப்பவர் காலை நன்றாகப் பின்னுக்கு இழுப்பார். அந்த அசைவைப் பார்த்தே தடுப்பாட்டக்காரர் குறுக்கே சரிந்துவிடுவார், கோல்கீப்பரும் பாய ஆயத்தமாகிவிடுவார். இவர் முழங்காலுக்குக் கீழே மட்டும் சிறிதாக வீசுவார். பந்து எப்போது காலை விட்டது என்று எதிரிக்குத் தெரியாது. வலக்கால், இடக்கால் இரண்டிலும் இதைச் செய்யக்கூடியவர் என்பதால் எந்தப் பக்கம் அடைத்து நிற்பது என்று தடுப்பாட்டக்காரரால் தீர்மானிக்க முடியாது. பலத்தைக் குறைத்து இடத்தைக் குறிபார்ப்பது என்பதை என் மாணவர்களுக்குக் காட்ட, அவருடைய கோல்களைவிடச் சிறந்த பாடம் எனக்குக் கிடைக்கவில்லை.

மூன்றாவதுதான் பெஞ்ச். மாற்று ஆட்டக்காரர்களில் பலர் கால்களை நீட்டிக்கொண்டு, அழைப்பு வருமா வராதா என்று மனம் புழுங்கி உட்கார்ந்திருப்பார்கள். அவர் அந்த நேரத்தில் எதிரணித் தடுப்பாட்டக்காரர்களைக் கவனித்துக்கொண்டிருப்பார் என்பதை அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். யார் பந்து வரும்போது உடலைத் தவறான பக்கம் திருப்புகிறார், யார் களைத்து இரண்டடி பின்தங்குகிறார், இருவருக்கு இடையே எங்கே இடைவெளி விழுகிறது என்பதையெல்லாம் எழுபது நிமிடம் பார்த்துவிட்டு உள்ளே வருபவர், முதல் நிமிடத்திலிருந்தே ஆட்டத்துக்குள் இருந்தவராகிறார். பயிற்சிகளைப் பற்றிக் குறிப்பெழுதும் பழக்கம் அவருக்கு இருந்ததை பெர்குசனும் எடுத்துச் சொல்லியிருக்கிறார்.

ஆகவே பெஞ்ச் ஒரு திறமை, தொடக்கத்திலிருந்து ஆடுவது வேறொரு திறமை என்று பிரிப்பதில் எனக்கு உடன்பாடில்லை. பார்த்துப் படித்த ஒரே அறிவுதான் இரண்டிலும் வேலை செய்தது.

இரண்டாம் பாதி:

திடல்மணல் சொன்னதை மறுக்க என்னிடம் வாதம் இல்லை. வடகடல் சொன்ன பின்னணியும் என் எண்ணத்தை ஓரளவு மாற்றியிருக்கிறது என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

ஆனாலும் ஒன்று எஞ்சி நிற்கிறது. அவர் காத்திருந்த இடம் கடைசியில் கிடைக்கவே செய்தது. அது கைக்கு வந்த மாதத்திலேயே பறிபோனது. 2002-03 பருவத்தில் பெர்குசன் அவரை வலப்பக்கத்தில் ஆடவைத்தார். 2003 ஏப்ரலில் ரியல் மாட்ரிட்டோடு ஓல்ட் டிராஃபோர்டில் நடந்த ஆட்டத்தில் பெக்கம் பெஞ்சில் அமர, தொடக்க அணியில் இருந்தவர் சோல்ஷேர். பெக்கம் இறங்கி இரண்டு கோல்கள் அடித்ததுதான் எல்லோர் நினைவிலும் இருக்கிறது. அந்தக் கோடையில் பெக்கம் மாட்ரிட்டுக்கே போய்விட, முப்பது வயதில், முதன்முறையாக, சோல்ஷேருக்கு என்று ஓர் இடம் அணியில் உறுதியானது. அதன்பின் நடந்ததை அறிவோம். 1998இல் போயிருந்தால் அந்த ஐந்து ஆண்டுகளாவது முழுமையாக அவருடையவையாக இருந்திருக்குமே என்ற வருத்தம் எனக்குப் போகவில்லை. இது அவர் மீதான குற்றச்சாட்டு இல்லை. ஒரு ரசிகனின் ஏக்கம்.

வடகடல்:

அந்த ஏக்கம் இங்கேயும் பலருக்கு உண்டு. முழங்கால் கதையைச் சிலர் அறிந்திருக்க மாட்டார்கள் என்பதால் சுருக்கமாக எழுதுகிறேன்.

2003 செப்ரெம்பர் 16ஆம் திகதி பனத்தினைக்கோஸ் அணிக்கு எதிரான சம்பியன்ஸ் லீக் ஆட்டத்தில் யுனைடெட் 5-0 என்று வென்றது. அந்த ஐந்தில் ஒரு கோல் சோல்ஷேருடையது. அதே ஆட்டத்தில்தான் முழங்காலில் காயம் பட்டது. அறுவைச் சிகிச்சைக்குப் பிறகு அந்தப் பருவத்தின் பின்பகுதியில் திரும்பி வந்து, 2004 மே மாதம் மில்வோல் அணியோடு நடந்த எஃப்.ஏ. கிண்ண இறுதியில் கடைசிச் சில நிமிடங்கள் ஆடினார். முழங்கால் மீண்டும் தாங்கவில்லை. மறுபடியும் அறுவைச் சிகிச்சை. 2004-05 பருவத்தில் அவர் ஓர் ஆட்டம்கூட ஆடவில்லை. 2005 டிசெம்பரில் திரும்பியபோது அது இரண்டாம் நிலை அணியின் ஆட்டம்.

அந்த ஆண்டுகளில் நோர்வேப் பத்திரிகைகளில் அவரைப் பற்றி வந்த செய்திகளெல்லாம் முழங்காலைப் பற்றியவையாகவே இருந்தன. குருத்தெலும்பு, சிகிச்சை, இன்னும் எத்தனை மாதம் என்று ஒரே பேச்சு. ஆலையில் இடைவேளையில் கோப்பியோடு பத்திரிகையை விரிக்கும் நோர்வேக்காரர் ஒருவர், அவர் பெயரைக் கண்டதும் ஒன்றும் சொல்லாமல் தன் முழங்காலைத் தடவிக்கொள்வார். நான் அந்தக் காலத்தில் ஒரு நாளும் அவர் மீண்டும் ஆடுவார் என்று நினைக்கவில்லை.

2006 ஓகஸ்ட் 23 அன்று சார்ல்டன் திடலில் 3-0 என்று வென்ற ஆட்டத்தின் மூன்றாவது கோல் அவருடையது. பிரீமியர் லீக்கில் 2003 ஏப்ரலுக்குப் பிறகு அவர் அடித்த முதல் கோல். ஆட்டம் ஏற்கெனவே வெல்லப்பட்டுவிட்டது, பட்டியலில் அந்தக் கோலுக்குப் பெரிய மதிப்பு இல்லை. ஆனால் பயணம் செய்து வந்திருந்த யுனைடெட் ரசிகர்கள் கிண்ணத்தையே வென்றதுபோல் ஆர்ப்பரித்தார்கள். அந்தப் பருவத்தில் மொத்தம் 11 கோல்கள் அடித்து, ஆறாவது பிரீமியர் லீக் பதக்கத்தையும் பெற்றார். 2007 ஓகஸ்ட் 27 அன்று ஓய்வை அறிவித்தார். அடுத்த ஆண்டு அரசர் ஐந்தாம் ஹாரல்ட் அவருக்குப் புனித ஊலாவ் விருதை வழங்கினார். அந்த விருதின் அதே படிநிலையைப் பெற்றவர்களில் அவரே மிக இளையவர்.

டொட்டன்ஹாமில் தொண்ணூறு நிமிடங்கள் ஆடியிருந்தால் அந்த முழங்கால் 2003 வரையாவது தாங்கியிருக்குமா என்பதையும் நாம் கேட்க வேண்டும். விடை எவரிடமும் இல்லை.

நள்ளிரவு ரசிகன்:

ஓர் ஒற்றுமையைச் சொல்லிவிட்டுப் போகிறேன். மொல்டேயில் சோல்ஷேரின் முதல் லீக் ஆட்டம் பிரான் அணியோடு நடந்தது என்று வடகடல் எழுதியதும் நினைவுக்கு வந்தது. 2018 ஜூலை 1 அன்று, அதே மொல்டேயின் பயிற்சியாளராக சோல்ஷேர் இருந்தபோது, அதே பிரான் அணியின் திடலில், 17 வயது எர்லிங் ஹாலந்து முதல் 21 நிமிடங்களில் நான்கு கோல்கள் அடித்தார். நாட்டிங்காமில் ஆட்டத்தின் இறுதியில் நான்கு அடித்தவர் திடலோரம் நின்று, ஆட்டத்தின் தொடக்கத்தில் நான்கு அடித்த சிறுவனைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஹாலந்து வேகம், உடல்வலிமை என்று முற்றிலும் வேறு வகை ஆட்டக்காரர்தான். ஆயினும் கோல் எல்லைக்குள் அவர் காலை ஓங்காமல் தட்டிவிடும் சில கோல்களைப் பார்க்கும்போது திடல்மணல் எழுதியதுதான் எனக்கு நினைவுக்கு வருகிறது.

மற்றபடி அவருடைய பயிற்சியாளர் வாழ்க்கையைத் தனி இழையில் பேசுவதே முறை.

சுண்ணாம்புக்கோடு:

உங்கள் பதிவுகளைப் படித்தபின் நேற்றிரவு பார்சிலோனா ஆட்டத்தின் கடைசிப் பத்து நிமிடங்களை மீண்டும் பார்த்தேன். எத்தனையோ முறை பார்த்ததுதான். இம்முறை கோலை விட்டுவிட்டு, அந்தக் கார்னர் எப்படிக் கிடைத்தது என்று மட்டும் கவனித்தேன்.

சமன் செய்த கோலுக்குப் பின் ஆட்டம் மீண்டும் தொடங்குகிறது. டெனிஸ் இர்வின் இடப்பக்கமாக ஒரு நீண்ட பந்தை அனுப்புகிறார். அதைத் துரத்தி ஓரக்கோட்டுப் பக்கம் ஓடுவது சோல்ஷேர். எதிரே சாமுவேல் குஃபூர், அந்தப் போட்டியில் பயர்னின் மிகச் சிறந்த தடுப்பாட்டக்காரர்களில் ஒருவர். சோல்ஷேர் அவரை எதிர்கொண்டு பந்தைக் குறுக்கே அடிக்கிறார். அது குஃபூரின் மேல் பட்டுப் பின்கோட்டைத் தாண்டுகிறது. அதுதான் அந்தக் கார்னர். பெக்கம் பந்தை வைக்க ஓடி வருகிறார். சோல்ஷேர் மூலையிலிருந்து திரும்பி, கோல் வாயிலுக்கு நடந்து சென்று, அதே குஃபூரின் அருகில் நின்றுகொள்கிறார். படப்பதிவு அங்கே வேறு கோணத்துக்கு மாறிவிடுகிறது. மறுபடி அவர் திரையில் தெரியும்போது குஃபூர் அரை அடி பின்னால் இருக்கிறார், இவருடைய வலக்கால் ஏற்கெனவே நீண்டிருக்கிறது.